கன்று பிறந்தாச்சு, ஊசி எப்போ?

பெங்களூரு கே.ஆர்.புரம், வர்த்தூர் பக்கம் வீட்டோரமா ஒண்ணு ரெண்டு கலப்பின மாடு வச்சிருக்கிற நம்மாளுங்க முதல்ல கேட்கிறது இதைத்தான். அவசரப்படாதீங்க, நாலு மாசம் வரைக்கும் பெரிய ஊசி எதுவும் கிடையாது. அதுக்கு முன்னாடி செய்ய வேண்டியதுதான் நிறைய.

1. பிறந்ததும்

மூக்கு, வாயில் இருக்கிற சளியைத் துணியால துடைச்சுட்டு, தாயை நக்க விடுங்க. தொப்புள்கொடியை வயித்திலிருந்து ரெண்டு விரல் தள்ளி, அயோடின்ல நனைச்ச நூலால இறுக்கிக் கட்டி, முடிச்சுக்குக் கீழே வெட்டுங்க. சின்னக் கிண்ணத்துல டிஞ்சர் அயோடின் ஊத்தி, கொடி முழுசும் முங்குற மாதிரி பிடிங்க. பஞ்சால தொட்டு வைக்கிறது போதாது. என் முதல் கன்னுக்கு மஞ்சளும் சாம்பலும் வச்சேன். எட்டாம் நாள் தொப்புள் எலுமிச்சங்காய் அளவு வீங்கி, அப்புறம் முட்டியும் வீங்கிப் போச்சு.

2. சீம்பால்

பசுவோட நோய் எதிர்ப்புச் சக்தி வயித்துக்குள்ள இருக்கும்போது கன்னுக்குப் போறதில்லை; சீம்பால் வழியாத்தான் வரும். அதை உறிஞ்சுற திறனும் கன்னோட குடல்ல 24 மணி நேரத்துல இல்லாமப் போயிடும். அதனால ரெண்டு மணி நேரத்துக்குள்ள முதல் தவணை. முதல் நாள் மொத்தம் உடல் எடையில பத்துல ஒரு பங்கு: 25 கிலோ கன்னுக்கு இரண்டரை லிட்டர், மூணு நாலு தடவையா. நம்ம ஏரியாவுல கன்னு போட்ட சேதி பரவினா ‘கிண்ணு பால்’ (சீம்பாலுக்கு இங்க அதுதான் பேர்) கேட்டுச் சொம்போட வந்து நிப்பாங்க. கன்னு குடிச்ச மிச்சம் இருந்தா கொடுங்க, வெட்கப்பட வேண்டாம்.

3. பத்தாம் நாள் குடற்புழு மருந்து

அப்புறம் ஆறு மாசம் வரைக்கும் மாசம் ஒரு தடவை. எடை பார்த்து டாக்டர் அளவு சொல்லணும். நடுவுல கழிச்சல் கண்டா பாலை நிறுத்தாதீங்க. உப்பு சர்க்கரைக் கரைசலும் சேர்த்துக் கொடுங்க. கழுத்துத் தோலைக் கிள்ளி விட்டு, அது மெதுவா இறங்கினாலோ கண் குழி விழுந்தாலோ அன்னைக்கே ஆஸ்பத்திரிக்கு.

4. ஊசிகள்

நாலு மாசத்துல கோமாரி (வாயிலயும் காலுலயும் புண் வர்ற நோய்) ஊசி. ஒரு மாசம் கழிச்சு இன்னொண்ணு, பிறகு ஆறு மாசத்துக்கு ஒரு முறை. 2019-ல தொடங்கின தேசியத் திட்டத்துல இது இலவசம், காதுல 12 இலக்க எண் போட்ட தோடும் மாட்டுவாங்க. அதே திட்டத்துல கிடாரிக் கன்னுக்கு (பெண் கன்னு) மட்டும் 4-லிருந்து 8 மாசத்துக்குள்ள கருச்சிதைவு நோய் ஊசி, ஆயுசுக்கு ஒரே ஒரு தடவை. அது உயிருள்ள கிருமி கொண்ட மருந்து, மனுஷனுக்கும் தொத்தும். அதனால டாக்டர்தான் போடணும், நீங்க குப்பியைத் தொடாதீங்க. ஆறு மாசத்துல, மழைக்கு முன்னாடி, தொண்டை அடைப்பான், சப்பை நோய் ரெண்டுக்கும் ஊசி.

இங்க பசு ஆஸ்பத்திரியில ‘கோமாரி’ன்னு சொன்னா முழிப்பாங்க. கன்னடத்துல ‘காலுபாயி’ன்னு கேளுங்க, கருச்சிதைவுக்கு ‘கந்து ரோக’. காய்ச்சலோ கழிச்சலோ இருக்கிற கன்னை மட்டும் ஊசி போடுற அன்னைக்கு வீட்டிலேயே கட்டிப் போடுங்க.