மாமாக் கடை ரொட்டி சானாயை வீட்டில் சுடும் முறை

தமிழகத்திலிருந்து மலாயாவுக்குப் பிழைக்கப் போன, அங்கே ‘மாமாக்’ எனப்படும் தமிழ் முஸ்லிம்கள் தெருவோரத்தில் வீசிச் சுட்டு விற்ற ரொட்டி, இன்று மலாய்க்காரர், சீனர், இந்தியர் என்ற வேறுபாடின்றி மலேசியர் அனைவரும் காலையில் கேட்டு உண்ணும் ரொட்டி சானாய் ஆகிவிட்டது. 2024இல் யுனெஸ்கோ பட்டியலில் இடம்பெற்ற மலேசியக் காலை உணவுப் பண்பாட்டில் தேங்காய்ப்பால் சோறான நாசி லெமாக்கோடு இதுவும் உண்டு.

அரை கிலோ மைதாவில் ஒரு தேக்கரண்டி உப்பு, இரண்டு மேசைக்கரண்டி கண்டென்ஸ்டு மில்க், சிறிது நெய், ஏறத்தாழ 270 மி.லி. தண்ணீர் சேர்த்து மிருதுவாகப் பிசைந்து உருண்டைகளாக்குங்கள். அவற்றின் மேல் தாராளமாக எண்ணெய் பூசி, குறைந்தது ஆறு மணி நேரம் மூடி வைக்க வேண்டும்; இதில் அவசரப்பட்டால் மாவு விரியாமல் கிழியும்.

பிறகு உருண்டையை எண்ணெய் தடவிய மேடையில் உள்ளங்கையால் தட்டிப் பரப்பி, ஓரத்தைப் பிடித்துத் தூக்கி வீசுங்கள். வீசத் தெரியாவிட்டால் குறையில்லை. மேடை மங்கலாகத் தெரியும் அளவுக்கு ஓரங்களை மெல்ல இழுத்தாலும் போதும். நம்மூர் பரோட்டாவைப் போலச் சுருட்டாமல், உள்ளே காற்று தங்கும்படி நான்கு பக்கமும் தளர்வாக மடித்துச் சதுரமாக்கி, நெய் விட்ட கல்லில் மிதமான தீயில் இருபுறமும் சிவக்கச் சுடுங்கள். எடுத்த சூட்டிலேயே இரு கைகளாலும் பக்கவாட்டில் அடித்தால் அடுக்குகள் பிரியும். பருப்புக் கறியே வழக்கமான துணை. ஆனால் புளிப்பும் காரமும் ஏறிய மீன் குழம்புக்கு ஈடில்லை என்பேன்.