புன்னட் கட்டம் போடுவது எப்படி? அல்லீல் இணையிலிருந்து பண்பைக் கணிக்கும் முறை

பெரும்பாலான மரபணுக்கள் நம் உடற்செல்களில் இரண்டு படிகளாக (நகல்களாக) இருக்கின்றன. ஒன்று தாயிடமிருந்து வந்தது, மற்றொன்று தந்தையிடமிருந்து. இரண்டும் அச்சு அசலாக ஒன்றாக இருக்கவேண்டியதில்லை. ஒரே மரபணுவின் இந்த மாற்று வடிவங்களே அல்லீல்கள். பிள்ளைக்கு எந்த இணை வாய்க்கும் என்று கணக்கிட உதவும் சிறு அட்டவணைதான் புன்னட் கட்டம். அதற்கு ஒரு தாளும் பென்சிலும் போதும். கணக்கு எளிது, வந்த விடையைப் படிப்பதில்தான் பலரும் சறுக்குகிறார்கள்.

மரபியலின் முன்னோடி மெண்டல் 1866-இல் வெளியிட்ட பட்டாணி ஆய்வையே எடுத்துக்கொள்வோம்: உருண்டை விதையும் சுருங்கிய விதையும்.

படி 1: எழுத்தைத் தேர்ந்தெடுங்கள்

ஒரு படி இருந்தாலே தன் பண்பை வெளிக்காட்டுவது ஓங்கு அல்லீல், இரண்டு படியும் அதுவாக இருந்தால் மட்டுமே வெளிக்காட்டுவது ஒடுங்கு அல்லீல். ஓங்கு அல்லீலுக்கு ஒரு நெடில், ஒடுங்கு அல்லீலுக்கு அதன் குறில். இங்கே உருண்டைக்கு ஆ, சுருக்கத்துக்கு அ. 'உருண்டைக்கு உ, சுருக்கத்துக்குச் சு' என்று வெவ்வேறு எழுத்து வைத்தால், இன்னொரு பண்பையும் சேர்க்கும்போது எது எதற்கு இணை என்பதே குழம்பிவிடும். இணையில் நெடிலை முதலில் எழுதுங்கள்: ஆஅ.

ஓங்கு என்றால் வலிமையானது என்றோ, அதிகம் காணப்படுவது என்றோ பொருள் கொள்ளவேண்டாம். 'ஆ' படி, மாவுச்சத்து மூலக்கூறைக் கிளைவிடச் செய்யும் ஒரு நொதிக்கானது. 'அ' படியின் நடுவே வேறொரு டிஎன்ஏ துண்டு செருகிக்கொண்டிருப்பதால் அந்த நொதி சரியாக உருவாவதில்லை. அப்போது விதையில் சர்க்கரை மிஞ்சுகிறது, சர்க்கரை தண்ணீரை இழுத்து வைக்கிறது, விதை முற்றி உலரும்போது அந்தத் தண்ணீர் வெளியேறித் தோல் சுருங்குகிறது. ஒரே ஒரு 'ஆ' இருந்தாலும் தேவையான நொதி கிடைத்துவிடும். ஆஅ விதை உருண்டையாக இருப்பது அதனால்தான். உள்ளே இருக்கும் 'அ' அழிவதில்லை, அப்படியே அடுத்த தலைமுறைக்குப் போகிறது.

படி 2: இனச்செல்களை எழுதுங்கள்

விந்தோ முட்டையோ மகரந்தமோ, ஒவ்வொன்றும் இணையில் ஒன்றை மட்டுமே சுமக்கும். ஆஅ செடி தரும் இனச்செல்களில் பாதி ஆ, பாதி அ. கட்டத்தின் ஓரத்தில் 'ஆஅ' என்று சேர்த்து எழுதிவிட்டால் பிள்ளைக்கு நான்கு எழுத்து வந்து நிற்கும். அப்படி வந்தால் தவறு இந்தப் படியில்தான்.

படி 3: கட்டத்தை நிரப்புங்கள்

ஆஅ செடியை ஆஅ செடியோடு கலக்கிறோம். ஒன்றின் இனச்செல்கள் மேலே, மற்றதன் இனச்செல்கள் இடப்பக்கம்.

| | ஆ | அ |
|---|---|---|
| ஆ | ஆஆ | ஆஅ |
| அ | ஆஅ | அஅ |

மரபணு இணைகள் 1:2:1. கண்ணுக்குத் தெரியும் தோற்றம் 3:1, அதாவது மூன்று பங்கு உருண்டை, ஒரு பங்கு சுருக்கம்.

படி 4: விடையைப் படியுங்கள்

நான்கு அறைகள் நான்கு பிள்ளைகள் அல்ல. ஒவ்வொரு கருவுறுதலுக்கும் உள்ள வாய்ப்பு அது. முதல் பிள்ளைக்கு அஅ வந்துவிட்டது என்பதற்காக அடுத்த பிள்ளைக்கு வாய்ப்பு குறையாது. மறுபடியும் அதே கால் பங்குதான். இரண்டு ஆஅ பெற்றோருக்கு நான்கு பிள்ளைகள் பிறந்து, ஒன்றுகூட அஅ ஆக இல்லாமலிருக்கும் வாய்ப்பு சுமார் 32 விழுக்காடு.

சந்தேகமிருந்தால் இரண்டு நாணயங்களைச் சேர்த்துச் சுண்டிப் பாருங்கள். தலை விழுந்தால் ஆ, பூ விழுந்தால் அ. 40 முறை சுண்டினால் 'இரண்டும் பூ' 10 முறை வரவேண்டும் என்பது கணக்கு. 7 வந்தாலும் 13 வந்தாலும் வியப்பில்லை. எண்ணிக்கை பெருகப் பெருகத்தான் விகிதம் நெருங்கும்: மெண்டல் எண்ணிய 7324 விதைகளில் 5474 உருண்டை, 1850 சுருக்கம், அதாவது 2.96:1.

இன்னொரு பொறி. பெற்றோர் இருவரும் ஆஅ. ஒரு பிள்ளைக்கு ஒடுங்கு பண்பு வெளிப்படவில்லை என்று தெரியும். அந்தப் பிள்ளை 'அ'வைச் சுமக்கும் வாய்ப்பு எவ்வளவு? பாதி என்று சொல்லத் தோன்றும். ஆனால் அஅ அறை இப்போது பொருந்தாது, அதை அடித்துவிடுங்கள். மிச்சம் மூன்று அறை, அவற்றில் இரண்டு ஆஅ. எனவே விடை மூன்றில் இரண்டு. பரம்பரை நோய்க் கணக்குகளில் அடிக்கடி கேட்கப்படும் கேள்வி இது.

உருண்டைச் செடி ஆஆவா, ஆஅவா?

பார்த்துச் சொல்ல முடியாது. அஅ செடியோடு கலந்து பாருங்கள். ஒரு விதை சுருங்கியிருந்தாலும் அது ஆஅ என்பது உறுதி. பத்து விதையும் உருண்டை என்றால் ஆஆ என்று பெரும்பாலும் நம்பலாம். ஆஅ செடி அப்படித் தப்பிக்கும் வாய்ப்பு 1024-இல் ஒன்று.

ஓங்கு, ஒடுங்கு பொருந்தாத இடங்கள்

அந்திமந்தாரையில் சிவப்பையும் வெள்ளையையும் கலந்தால் இளஞ்சிவப்பு வரும். கட்டம் அதேதான், அடுத்த தலைமுறையில் தோற்றமும் 1:2:1 ஆகிவிடும். ரத்த வகையில் ஏ, பி இரண்டும் சேர்ந்தே வெளிப்படும், ஓ மட்டும் ஒடுங்கும். ஆகவே ஏஓ தந்தைக்கும் பிஓ தாய்க்கும் ஏபி, ஏ, பி, ஓ என நான்கு வகையிலும் பிள்ளை பிறக்கலாம், ஒவ்வொன்றுக்கும் கால் பங்கு வாய்ப்பு.

உயரம், தோல் நிறம் போன்றவற்றுக்கு இந்தக் கட்டத்தைப் போடாதீர்கள். பல மரபணுக்களோடு சூழலும் சேர்ந்து அவற்றைத் தீர்மானிக்கிறது. நாக்கைச் சுருட்டுவது ஒற்றை மரபணுப் பண்பு என்று இன்னும் பல இடங்களில் எழுதுகிறார்கள். ஒரே கருவில் பிறந்த இரட்டையரில் ஒருவருக்கு அது வந்து மற்றவருக்கு வராமல் போவதுண்டு, எனவே பயிற்சிக்கு அதை எடுக்கவேண்டாம்.