ஷட்டருக்குள் ஆளை மறைப்பது எப்படி

பெய்ஜிங்கில் ஓவியர்கள் கூடி வாழ்ந்த சுவோஜியா கிராமத்தை 2005 நவம்பரில் இடித்தார்கள். அங்கே வேலை செய்துவந்த சீனக் கலைஞர் லியு போலின், அந்த இடிபாட்டின் நிறங்களையே உடம்பில் பூசிக்கொண்டு அதன் முன்னால் நின்றார். ‘நகரத்தில் ஒளிதல்’ என்ற அவரது படவரிசை அப்படித்தான் பிறந்தது.

அதேபோல் ஒரு படம் எடுக்கும் ஆசையில் எங்கள் தெருவில் பூட்டிக் கிடந்த ஒரு கடையின் நீல ஷட்டர் முன்னால் தம்பியை நிறுத்தினேன். ஷட்டரில் மடிப்பு எந்த உயரமோ, அதே உயரத்தில் அவன் மேலும் கோடு இழுத்தேன். நேரில் பார்க்கப் பிரமாதம். படத்தில் ஒரு கோடும் சேரவில்லை.

தப்பு என்னுடையதுதான். தம்பி ஷட்டரைவிடக் கேமராவுக்குக் கிட்டத்தில் நிற்கிறான். ஷட்டர் 3 மீட்டர் தள்ளி இருக்கிறது, அவன் முகம் அதற்கு 30 சென்டிமீட்டர் முன்னால் இருக்கிறது என்று வையுங்கள். லென்ஸ் மட்டத்துக்கு 40 சென்டிமீட்டர் மேலே உள்ள மடிப்பை அவன் நெற்றியில் 4 சென்டிமீட்டர் கீழே இறக்கி வரைந்தால்தான் படத்தில் ஒரே கோடாகத் தெரியும். லென்ஸுக்குக் கீழே உள்ளவை தலைகீழ்: முழங்காலில் கோடு மேலே ஏற வேண்டும்.

இதற்கெல்லாம் கணக்குப் போட வேண்டாம். முக்காலியை நெஞ்சு உயரத்தில் வைத்துப் பூட்டுங்கள், பிறகு யாரும் தொடக் கூடாது. ஒருவர் கேமரா திரையைப் பெரிதாக்கிப் பார்த்து “இறக்கு, இன்னும் கொஞ்சம், போதும்” என்று சொல்லட்டும். நீங்கள் அவர் சொல்கிற இடத்தில் புள்ளி வையுங்கள். உங்கள் கண்ணை நம்பாதீர்கள்.

உடம்பு முழுக்கப் பூச வேண்டியதில்லை. பழைய சட்டை, பேண்ட், செருப்புக்கு முந்தின நாளே அக்ரிலிக்கில் அடிநிறம் கொடுங்கள். கோடுகளை உடுத்திய பிறகுதான் போட வேண்டும், இல்லாவிட்டால் துணி மடிப்பு எல்லாவற்றையும் கெடுத்துவிடும். முகத்துக்கும் கைக்கும் தண்ணீரில் கரையும் முகச்சாயம் மட்டும். அதையும் முந்தின நாளே முழங்கையின் உள்பக்கம் தடவிப் பாருங்கள். எனாமல் பக்கமே போகாதீர்கள்.

வெளிச்சம் நகர்ந்தால் ஷட்டரின் நீலமும் மாறும். கிழக்கு பார்த்த ஷட்டர் என்றால் மதியத்துக்கு மேல், நிழல் விழுந்த பிறகு தொடங்குங்கள். அப்பர்ச்சரை, அதாவது லென்ஸின் திறப்பை, எஃப்/11 என்று சிறிதாக வைத்தால் ஆளும் ஷட்டரும் சேர்ந்தே தெளிவாக வரும்.

அப்புறம், நிற்பவர். எங்களுக்கு நாலு மணி நேரம் ஆனது. பாதத்தைச் சுற்றிச் சாக்பீஸால் கோடு போட்டுவிடுங்கள், ஓய்வுக்குப் போனவர் அதே இடத்துக்குத் திரும்பலாம். முழங்காலை விறைப்பாக வைக்க விடாதீர்கள், தலைசுற்றும். தண்ணீரை ஸ்ட்ராவில் கொடுங்கள். கிளிக் செய்யும்போது கண்ணை மூடச் சொல்லுங்கள், விழியின் வெள்ளை ஒன்றே காட்டிக்கொடுத்துவிடும்.

கழுவத் தேங்காய் எண்ணெய், பிறகு சோப்பு. அவ்வளவு தேய்த்தும் தம்பியின் காதுமடலுக்குப் பின்னால் மறுநாளும் நீலம் இருந்தது.