தியாகராஜருக்கு உரிமை முடிந்தது, பாடியவருக்கு?

திருவையாறு ஆராதனை நெருங்கினால் போதும், தஞ்சாவூர், கும்பகோணம் பக்கத்து வாட்ஸ்அப் குழுக்களில் கச்சேரிப் பதிவுகள் வந்து குவியும். 'இது சரியா?' என்று யாராவது கேட்டால், 'தியாகராஜர் கீர்த்தனைக்கு யாருங்க உரிமை கொண்டாடுறது?' என்று மடக்கிவிடுவார்கள்.

முதல் சறுக்கல் இதுதான். தியாகராஜர் மறைந்தது 1847-இல். கீர்த்தனையை யாரும் பாடலாம், பாடிப் பதிவேற்றலாம். ஆனால் ஒரு பாடகர் பாடி, ஒரு கம்பெனி வெளியிட்ட ஒலிப்பதிவின் கணக்கு தனி. 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டப்படி, வெளியான வருஷத்துக்கு அடுத்த வருஷத்திலிருந்து 60 ஆண்டுகள் அதற்கு உரிமை உண்டு. நாதஸ்வர வித்வான் திருவாவடுதுறை ராஜரத்தினம் பிள்ளை இருந்தபோதே வெளிவந்த இசைத்தட்டுகள் இந்தக் கெடுவைத் தாண்டிவிட்டன. அவர் மறைந்தது 1956-இல். 1985-இல் வந்த கேசட்டோ 2045 முடியும்வரை தாண்டாது. கேசட் கடையே மூடிப்போயிருக்கலாம், அது வேறு விஷயம்.

புத்தகத்துக்கு, எழுதியவர் மறைந்த வருஷத்தைப் பாருங்கள்; அதற்கு அடுத்த வருஷத்திலிருந்து அதே 60 ஆண்டுகள். உ.வே.சா. 1942, ஆகவே தடையில்லை. தி. ஜானகிராமன் 1982, ஆகவே 2042 முடியும்வரை பிடிஎஃப் அனுப்பக் கூடாது. பழைய நூலுக்கு இன்றைக்கு ஒருவர் எழுதிய உரை இருந்தால், அந்த உரைக்கும் தனி உரிமை உண்டு. இதைப் பலர் மறந்துவிடுகிறார்கள்.

'நான் காசு பார்க்கலையே' என்பதும் தப்பிக்க உதவாது. தெரிந்தே மீறினால் 6 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறை. வியாபார லாபம் இல்லையென்றால் நீதிமன்றம் தண்டனையைக் குறைக்கலாம், அவ்வளவுதான். தியேட்டரில் போனைத் தூக்கிப் படம் பிடிப்பவர்களுக்கு, திரைப்படச் சட்டத்தின் 2023 திருத்தம் இன்னும் கடுமை: குறைந்தது 3 மாதச் சிறை, 3 லட்சம் அபராதம்.

அப்புறம், எதிர்த்தரப்பின் தவறு. பகிர்வதெல்லாம் திருட்டு என்று அடித்துப் பேசுகிறார்கள். சொந்த ஆய்வுக்கு, விமர்சனத்துக்கு நியாயமான அளவில் பயன்படுத்தச் சட்டமே இடம் தருகிறது. பார்வையற்றவர்களுக்காக லாபநோக்கின்றி ஒலிநூல் ஆக்கவும் வழி இருக்கிறது. அரசு நாட்டுடைமை ஆக்கிய நூல்களில் சண்டைக்கே இடமில்லை.

பதிப்பாளரே மறுபதிப்புப் போடாத புத்தகத்தைத் தேடி அலைபவரின் கோபம் நியாயமானதுதான். அதே நியாயத்தை வெள்ளிக்கிழமை வெளியான படத்துக்கும் பேசுவது எனக்குச் செரிக்கவில்லை. அச்சில் இல்லாத நூல் என்றால், ஸ்கேன் செய்யுமுன் ஆசிரியரின் வாரிசுகளைத் தேடிப் பிடியுங்கள். சம்மதத்தை எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். போனில் 'சரி' என்றது போதாது.