மேசை மேல் ஒரு துருவம்: மெலியேஸ் பாணியில் ஒரு நிமிட ஊமைப்படம்

1911 டிசம்பரில் நார்வே நாட்டுப் பயணி அமுண்ட்சென் தென்துருவத்தைத் தொட்டார். அடுத்த ஆண்டே பிரெஞ்சு ஊமைப்பட இயக்குநர் ஜார்ஜ் மெலியேஸின் 'துருவத்தை வெல்லுதல்' என்ற படம் வெளிவந்தது. அதற்காக அவர் பனிப்பக்கம் போகவே இல்லை. பாரிஸை ஒட்டிய மோந்த்ரேயில் இருந்த கண்ணாடி ஸ்டூடியோ, வர்ணம் பூசிய படுதாக்கள், அவ்வளவுதான். அரை மணி நேரப் படம். பார்த்துவிட்டு வாருங்கள், அதேபோல் ஒன்றை நாமும் எடுப்போம்.

படி 1: செல்போனை ஸ்டாண்டில் கிடைமட்டமாக வைத்து, ஃபோகஸை லாக் செய்யுங்கள். ஜூம் வேண்டாம். மெலியேஸின் கேமரா பெரும்பாலும் நாடகம் பார்ப்பவரைப் போல ஒரே இடத்தில்தான் இருக்கும்.

படி 2: பனி. பின்னால் நீலம் பூசிய அட்டை, நடுவில் தெர்மாகோல் மலை, முன்னால் கசக்கிய வெள்ளைத் துணி. ஒவ்வொன்றுக்கும் நடுவே ஒரு சாண் இடம் விட்டால்தான் ஆழம் தெரியும். தெர்மாகோலைக் கத்தியால் அறுக்காதீர்கள். கையால் உடைத்த விளிம்புதான் பனிப்பாறை மாதிரி இருக்கும். மேலே தூவ உப்பு போதும். நான் முதல் தடவை கோதுமை மாவைத் தூவினேன். பனி பழுப்பாகத் தெரிந்தது, எறும்பும் வந்தது.

படி 3: ராட்சசன். மெலியேஸ் படத்தில் பனிக்குள்ளிருந்து ஒரு ராட்சசன் எழுந்து பயணி ஒருவரை விழுங்குவான். பீரங்கியால் சுட்டதும் கக்கிவிடுவான். இடுப்புக்கு மேலே மட்டும் செய்த பிரம்மாண்டப் பொம்மை அது. ஆட்கள் மறைந்திருந்து இயக்கினார்கள். நமக்கு ஒரு பழைய சாக்ஸ், பஞ்சுத் தாடி போதும். துணியைக் கிழித்து, கீழிருந்து கையை நுழையுங்கள். பயணிகளைச் சுண்டுவிரல் உயரத்துக்கு அட்டையில் வெட்டினால் சாக்ஸ் தானாகவே ராட்சசன் ஆகிவிடும்.

படி 4: விழுங்குவது. பயணி வாயருகே வந்ததும் கையை அசைக்காமல் நிறுத்துங்கள். நண்பர் ஒருவர் பயணியை எடுத்துவிடட்டும். மறுபடி அசையுங்கள். ரெக்கார்டிங் ஓடிக்கொண்டே இருக்கட்டும். நடுப்பகுதியை எடிட்டிங்கில் வெட்டிவிடலாம். மெலியேஸும் கேமராவை நிறுத்தியதோடு விடாமல், ஃபிலிமை வெட்டி ஒட்டிச் சரிசெய்தவர்தான். ஜன்னலைச் சாத்தி, ஒரே விளக்கில் எடுங்கள். வெளியே ஒரு மேகம் கடந்தால்கூட வெட்டிய இடம் காட்டிக்கொடுத்துவிடும்.

படி 5: ஒலியை எடுத்துவிட்டு, கறுப்பு வெள்ளையாக்கி, லேசான நீலச் சாயம் கொடுங்கள். அக்காலப் படங்களில் இரவுக்கும் குளிருக்கும் நீலம் வழக்கம். வேகத்தைக் கொஞ்சம் கூட்டலாம்.

கடைசியாக, ராட்சசனின் தாடிக்குக் கீழே உங்கள் கைக்கடிகாரம் தெரிகிறதா என்று ஒருமுறை பார்த்துவிடுங்கள்.