பூனையின் டாக்டர் பயத்தைப் போக்க, கேரியரிலிருந்து தொடங்குங்கள்

பூனை டாக்டரைப் பார்த்துப் பயப்படுகிறது என்கிறோம். அதைத் தூக்கிப்போகும் பெட்டியான கேரியரை இறக்கும் சத்தத்துக்கே அது கட்டிலடியில் ஒளிந்துகொள்வதைக் கவனியுங்கள். ஊசிக்குப் போகும் அன்று மட்டும் வெளியே வரும் பெட்டி என்றால் பயம் வரத்தான் செய்யும். தடுப்பூசித் தேதிக்கு மூன்று நான்கு வாரம் முன்பே வீட்டில் பழக்கத் தொடங்குங்கள்.

கேரியர் கெட்டி பிளாஸ்டிக்கில், மேல்பாதி தனியாகக் கழல்வதாக இருக்கட்டும். மூடியை எடுத்துவிட்டால், பூனை அடிப்பாதியில் படுத்தபடியே டாக்டர் பரிசோதிக்கலாம். வாய் மட்டும் திறக்கும் துணிப்பையை நான் சொல்லவே மாட்டேன்; காலைப் பிடித்து இழுத்துத்தான் வெளியே எடுக்கவேண்டி வரும்.

படி 1: மூடியையும் கதவையும் கழற்றி, அடிப்பாதியை அது வழக்கமாகத் தூங்கும் இடத்துக்குப் பக்கத்தில் வையுங்கள். உள்ளே அது படுத்துப் புரண்ட துண்டைத் துவைக்காமல் விரியுங்கள். அதன் வாசனை அதில் இருக்கவேண்டும்.

படி 2: சாப்பாட்டுக் கிண்ணத்தை முதலில் பெட்டிக்குப் பக்கத்தில் வைத்து, நாளுக்கு ஒரு சாண் வீதம் உள்ளே நகர்த்துங்கள். தானாகப் போய்ப் படுக்க ஆரம்பித்ததும் மூடியை மாட்டுங்கள், சில நாள் கழித்துக் கதவை.

படி 3: கதவு சாத்துவது. பலர் சறுக்குவது இங்கேதான். தீனியைக் காட்டி உள்ளே இழுத்து, சட்டென்று கதவைச் சாத்துகிறார்கள். இரண்டு முறை இப்படி ஆனால், தீனியைக் கண்டாலே பூனை பின்வாங்கும். வரிசையை மாற்றுங்கள்: கதவு சாத்தும் சத்தம், ஒரு நொடி இடைவெளி, கம்பி வழியாக ஒரு துணுக்குத் தீனி, கதவு திறப்பு. முதலில் 2 நொடி, பிறகு 5, 10, 30. தீனியைத் தொடாமல் கதவைப் பிறாண்டினாலோ, காதை மடக்கிக்கொண்டாலோ நேரம் அதிகமாகிவிட்டது, பாதியாகக் குறையுங்கள். இதே வரிசைதான் காதைத் தொடவும், பாதத்தைப் பிடிக்கவும், உதட்டைத் தூக்கிப் பல் பார்க்கவும்: முதலில் கை, பிறகு தீனி.

படி 4: தூக்குவது. கைப்பிடியில் தொங்கவிட்டால் பெட்டி ஆடும். இரண்டு கையாலும் அடியில் தாங்கி, நெஞ்சோடு அணைத்துத் தூக்குங்கள். காரில் முன்சீட்டுக்குப் பின்னால் தரையில் வைத்தால் நழுவாது. காத்திருக்கும் இடத்தில் மட்டும் தரையில் வைக்காதீர்கள்: நாயின் மூக்கு நேரே கதவுக்கு வரும். நாற்காலியில் வைத்து, மேலே துண்டைப் போர்த்துங்கள்.

பெரோமோன் ஸ்ப்ரே (பூனையை அமைதிப்படுத்தும் ஸ்ப்ரே) வைத்திருந்தால் துண்டில் அடித்து 15 நிமிடம் ஆறவிட்ட பிறகே பூனையை உள்ளே விடுங்கள். உடனே விட்டால் அதிலுள்ள ஆல்கஹால் நெடியே விரட்டிவிடும்.

இவ்வளவுக்கும் அடங்காத பயம் என்றால் டாக்டரிடம் கபாபென்டின் என்ற, பயத்தைத் தணிக்கும் மருந்தைப் பற்றிக் கேளுங்கள். பொதுவாகக் கிளம்புவதற்கு 2 மணி நேரம் முன்பு கொடுப்பது. அளவை அவர்தான் சொல்லவேண்டும். தள்ளாட்டம் வரலாம் என்பதால், வேறொரு நாளில் வீட்டில் ஒருமுறை கொடுத்துப் பாருங்கள்.

பிற்சேர்க்கை: வீட்டில் இரண்டு பூனை இருந்தால், திரும்பி வந்ததை மற்றது சீறித் துரத்தக்கூடும். மருத்துவமனை வாசனையில் அதற்குத் தன் கூட்டாளியை அடையாளம் தெரிவதில்லை. திரும்பி வந்ததைச் சில மணி நேரம் தனி அறையில் வைத்து, மற்றது படுக்கும் துணியால் இதன் முதுகைத் துடைத்துவிட்டுச் சேர்த்துவிடுங்கள்.