ஹாருன் ஃபரோக்கியை எந்தப் படத்திலிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

ஆண்டு வரிசைப்படி பார்க்காதீர்கள். ஜெர்மன் ஆவணப்பட இயக்குநர் ஃபரோக்கியின் படங்களைத் திரையிட விரும்பும் திரைப்படச் சங்க நண்பர்களிடம் நான் முதலில் சொல்வது இதுதான். மாணவர் படங்கள், தொலைக்காட்சிக்குச் செய்தவை, கலைக்கூடங்களுக்கு உருவாக்கியவை என்று அவர் படைப்புகள் ஏராளம். வரிசையாகப் போனால் பாதியிலேயே அலுத்துவிடும்.

'அணைக்க முடியாத நெருப்பு' (1969) படத்தில் தொடங்குங்கள். ஓடும் நேரம் ஏறக்குறைய 25 நிமிடம். வியட்நாம் போரில் அமெரிக்கா வீசிய, உடலில் ஒட்டிக்கொண்டு எரியும் நேபாம் குண்டில் எரிந்த வியட்நாமியர் ஒருவரின் வாக்குமூலத்தை ஃபரோக்கி மேசை முன் அமர்ந்து வாசிக்கிறார். எரிந்த உடல்களைக் காட்டினால் நீங்கள் கண்ணை மூடிக்கொள்வீர்கள் என்கிறார். பிறகு எரியும் சிகரெட்டைத் தன் முன்கையில் வைத்து அழுத்துகிறார். சிகரெட்டின் சூடு 400 டிகிரி, நேபாமின் சூடு 3,000 டிகிரி என்கிறது பின்னணிக் குரல். பலர் இந்தக் காட்சியை மட்டும் பார்த்துவிட்டு விவாதத்தில் இறங்கிவிடுகிறார்கள். தயவுசெய்து முழுதும் ஓடவிடுங்கள். நேபாம் தயாரித்த டௌ கெமிக்கல் நிறுவனத்தில் ஒவ்வொருவரும் தன் பங்கு வேலையை மட்டும் பார்க்கிறார்; எல்லாம் சேர்ந்து என்னவாகிறது என்பது அவர் கண்ணுக்குத் தெரிவதில்லை. என்னைப் பொறுத்தவரை படத்தின் உயிர் அங்கேதான்.

வாழ்க்கைக் குறிப்பைப் படம் முடிந்தபின் சொன்னால் போதும். 1944இல் பிறந்தவர்; தந்தை இந்தியாவிலிருந்து போன மருத்துவர். 1966இல் மேற்கு பெர்லினில் புதிதாகத் தொடங்கிய திரைப்படப் பள்ளியில் சேர்ந்து, 1968இல் அரசியல் காரணங்களுக்காக வெளியேற்றப்பட்டார். 2014இல் காலமானார்.

அடுத்து 'உலகின் படங்களும் போரின் எழுத்தும்' (1988). இதற்கென்று ஒரு மாலையை ஒதுக்குங்கள். 1944 ஏப்ரல் 4 அன்று அமெரிக்க விமானம் ஒன்று ஐ.ஜி. ஃபார்பன் என்ற ஜெர்மன் வேதிப்பொருள் நிறுவனத்தின் தொழிற்சாலையைத் தேடி வந்து வானிலிருந்து எடுத்த படங்களில், நாஜிகள் யூதர்களைக் கொன்றுகுவித்த ஆஷ்விட்ஸ் முகாமும் விழுந்திருந்தது. ஆய்வாளர்கள் தொழிற்சாலையைக் குறித்துக்கொண்டார்கள்; முகாமைக் கவனிக்கவில்லை. 1977இல் அமெரிக்க உளவு நிறுவனமான சி.ஐ.ஏ.வின் ஊழியர்கள் இருவர் அதே படங்களை மறுபடி எடுத்துப் பார்த்தபோதுதான் நச்சுவாயு அறைகளை அடையாளம் கண்டார்கள். ஃபரோக்கி அந்த வான்வழிப் புகைப்படத்துக்குத் திரும்பத் திரும்ப வருவார். பொறுமை இழக்காதீர்கள், ஒவ்வொரு முறையும் நம் பார்வை வேறிடத்தில் போய் நிற்கும். திரையிடும் முன் இந்தக் கதையைச் சபையில் விளக்கிவிடாதீர்கள், பார்வையாளர்கள் தாங்களே தேடட்டும்.

மூன்றாவதாக, 'தொழிற்சாலையிலிருந்து வெளியேறும் தொழிலாளர்கள்' (1995). சினிமாவின் முன்னோடிகளான லூமியே சகோதரர்களின் 1895ஆம் ஆண்டுப் படத்தில் தொடங்கி நூறாண்டுச் சினிமாவின் ஆலைவாசல் காட்சிகளைக் கோத்திருக்கிறார். இரண்டு திரைகளில் ஓடும் பிற்காலப் படைப்புகளைக் கைபேசியில் பார்க்க வேண்டாம். பெரிய திரை கிடைக்கும்வரை காத்திருங்கள்.

இவ்வளவும் பார்த்தபின் நீங்களே ஒரு சிறு படம் எடுத்துப் பாருங்கள். 2011 முதல் மனைவி ஆன்ட்யே ஏமானுடன் பெங்களூரு உட்படப் பல நகரங்களில் அவர் பட்டறைகள் நடத்தினார். நிபந்தனைகள் எளியவை: ஏதாவது ஓர் உழைப்பைப் படம்பிடிக்க வேண்டும், ஒன்றிரண்டு நிமிடத்துக்குள், ஒரே ஷாட்டில், வெட்டே இல்லாமல். செருப்புத் தைப்பவரிடமோ இஸ்திரி போடுபவரிடமோ அனுமதி கேட்டு, முதலில் கேமராவை எடுக்காமல் வேலையைச் சில சுற்று கவனியுங்கள். கை எங்கே தொடங்குகிறது, எங்கே ஓய்கிறது என்று பிடிபட்டபின் பதிவுப் பொத்தானை அழுத்துங்கள்.